அம்மை வராமலே அம்மை வந்த வீடு: காலை முதல் பஸ்ஸில் அம்மா வருகிறார், வழி சொல்லுங்கள்

பாளையான் (புதன், இரவு 10.50)

இதை ஆலோசனைப் பகுதியில் போடுவதா, நகைச்சுவைப் பகுதியில் போடுவதா என்று யோசித்தேன். எனக்கு இன்று சிரிப்பு வரவில்லை. அதனால் இங்கே.

நானும் மனைவியும் பாளையங்கோட்டையில் வாடகை வீட்டில் இருக்கிறோம். சொந்த ஊர் நாங்குநேரிக்கு மேற்கே. நேற்று செவ்வாய்க்கிழமை எங்கள் ஊர் முத்தாரம்மன் கோயில் கொடை. எங்கள் பக்கம் தீபாவளிக்கு வராதவனைக்கூட மன்னிப்பார்கள், கொடைக்கு வராதவனை மன்னிக்க மாட்டார்கள். சென்னையில் இருப்பவன் நெல்லை எக்ஸ்பிரஸில் நின்றுகொண்டாவது வந்து சேர்வான். பக்கத்தில் இருக்கிற நாங்கள் போகவில்லை.

காரணம் உண்டு. போன வருடக் கொடையில் என் மனைவியிடம் "விசேஷம் உண்டா?" என்று பதினேழு பேர் கேட்டார்கள். அவள் எண்ணியிருக்கிறாள். வில்லுப்பாட்டுக்கும் சாமக்கொடைக்கும் நடுவில் மட்டும் ஒன்பது பேர். கல்யாணமாகி மூன்று வருடம்தான் ஆகிறது. இந்த வருடம் "நீங்க போயிட்டு வாங்க, நான் வரல" என்றாள். அவளை விட்டுவிட்டுத் தனியாகப் போனால் அந்தப் பதினேழு கேள்வியும் எனக்குத்தான். வெளியே பார்த்தால் மேற்கே கருகருவென்று மேகம். குற்றாலத்தில் நல்ல சாரல் என்று ஆபீஸில் பேச்சு. முடிவு செய்ய இரண்டு நிமிடம்கூட ஆகவில்லை.

திங்கள் இரவு அம்மாவுக்குப் போன் போட்டேன். "அவளுக்கு உடம்புக்கு முடியலம்மா, காலையிலருந்து வாந்தி." வாந்தி என்பதை ஒரு எடுப்புக்காகச் சேர்த்தேன். அந்தப் பக்கம் சத்தமே இல்லை. அப்புறம் ரொம்ப மெதுவாக, "எத்தன நாளு தள்ளியிருக்கு?" என்றார். பின்னாலேயே, "ஏ அக்கா, இங்க வாயேன்" என்று யாரையோ கூப்பிடுவதும் கேட்டது.

பதறிப்போய், "ஐயோ, அவளுக்கு இல்லம்மா, எனக்குத்தான்" என்றேன்.

"ஒனக்கா வாந்தி?"

"வாந்தி இல்ல... அம்மை. அம்மை போட்டிருக்கு."

வாயில் வந்த வியாதி அது. ஒருவகையில் நல்ல தேர்வு என்றுகூட நினைத்தேன். காய்ச்சல் என்றால் "மாத்திரை போட்டுட்டு வா" என்பார்கள். அம்மை என்றால் வா என்று கூப்பிடவும் முடியாது, பார்க்க வரவும் யோசிப்பார்கள். கொடையே முத்தாரம்மனுக்கு என்பது போனை வைத்த பிறகுதான் உறைத்தது.

இனி நடந்தது. குற்றாலத்திலிருந்து நேற்று ராத்திரி வீடு திரும்பினால் வாசலில் வேப்பிலைக் கொத்து. அம்மா போன் செய்து சொல்லி, எதிர்வீட்டு ஆச்சி கட்டியது. பூட்டின வீட்டுக்கு! "பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போயிட்டாக போல" என்று ஆச்சி அம்மாவிடம் சொல்ல, ஊரில் மதியக் கொடை நேரத்தில் மைக்கிலேயே அறிவித்திருக்கிறார்கள், எனக்கு முத்து இறங்க எல்லாரும் வேண்டிக்கொள்ளும்படி. எட்டாம் கொடைக்குள் இறங்கிவிட்டால் நானே தீச்சட்டி எடுப்பதாக அம்மா நேர்ந்துவிட்டார்.

இன்று சாயங்காலம் குடும்ப வாட்சப்பில் அம்மாவின் குரல்: "நாளைக்கு விடியமுன்ன பஸ்ஸில் பாளைக்கு வாரோம்." துபாயில் இருக்கும் என் தம்பி கீழே, "எந்த அம்மை?" என்று கேட்டான். வருவது அம்மாவா பெரியம்மாவா என்று கேட்கிறான் என நினைத்து என் மனைவி, "பெரியம்மையும்தான்" என்று பதில் போட்டாள். எங்கள் பக்கம் பெரியம்மா பெரியம்மைதான். அவன் கேட்டது வியாதியை.

அதிலிருந்து தம்பி பத்து முறை போன் செய்துவிட்டான். உலகத்திலேயே இல்லாத வியாதி எனக்கு எப்படி வந்தது என்று கேட்கிறான்.

இப்போது என் கேள்வி. வரப்போகிற பெரியம்மை முப்பது வருடம் நர்ஸ் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். என் உடம்பில் ஒரு கொசுக்கடிகூட இல்லை. என்ன செய்ய?

கருப்பட்டிக்காப்பி (புதன், இரவு 11.02)

தம்பி, சீசன் நேரத்துச் செவ்வாய்க்கிழமை மெயினருவியில் போய் நின்றால் பாதித் திருநெல்வேலியைப் பார்த்து வணக்கம் சொல்லிவிட்டு வரலாம். ஒளிந்துகொள்ளப் போகிற இடமா அது? புலியருவிப் பக்கமாவது போயிருக்கலாம்.

பாளையான் (புதன், இரவு 11.05)

அண்ணாச்சி, ஐந்தருவி, அப்புறம் பழைய குற்றாலம். தெரிந்தவர்கள் யாரும் பார்க்கவில்லை என்றுதான் நினைக்கிறேன்.

உண்மைவிளம்பி (புதன், இரவு 11.09)

பெற்ற தாயிடம் பொய், அதுவும் சாமி பெயரில். காலையில் பஸ் ஸ்டாண்டுக்கே போய்க் காலில் விழுங்கள். வேறு வழி தேட வேண்டாம்.

ஈரடுக்குப்பாலம் (புதன், இரவு 11.15)

வேய்ந்தான்குளம் பஸ் ஸ்டாண்டில் காலை கூட்டத்தில் காலில் விழுந்தால் பின்னால் வருகிறவன் மிதித்துவிட்டுப் போவான். வீட்டிலேயே விழலாம்.

தம்பிக்கு ஒரு வார்த்தை சொல்லுங்கள். அவன் பயப்படுவது நியாயம்தான். பெரியம்மை இந்தியாவில் ஒழிந்துவிட்டது என்று 1977-இல் அறிவித்தார்கள், உலகம் முழுக்க ஒழிந்தது என்று 1980-இல். நம் அம்மா வயதுக்காரர்கள் புஜத்தைப் பார்த்தால் அம்மை குத்தின வட்டத் தழும்பு இருக்கும். ஊருக்கு ஊர் முத்தாரம்மன் இருப்பதே அந்தக் காலத்துப் பயத்தால்தான். கொப்புளத்தை முத்து என்று சொன்ன ஜனம், முத்தைப் போடுகிறவளும் அவள், எடுக்கிறவளும் அவள் என்று நம்பிற்று. உங்களுக்கு நல்ல வேளை, சின்னம்மை என்று யாரும் பதில் போடவில்லை. உங்கள் சித்தியும் பஸ் ஏறியிருப்பார்.

ராத்திரிடூட்டி (வியாழன், அதிகாலை 1.40)

நானும் நர்ஸ்தான். இப்போதுதான் இடைவேளை கிடைத்தது. குங்குமத்தை எண்ணெயில் குழைத்துப் பொட்டு வைக்கிற யோசனை ஏதும் இருந்தால் விட்டுவிடுங்கள். சின்னம்மை ஒரே நாளில் ஒரே மாதிரி கிளம்பாது. ஓரிடத்தில் செம்புள்ளி, ஓரிடத்தில் நீர் கோத்த கொப்புளம், ஓரிடத்தில் காய்ந்த பொருக்கு, மூன்றும் ஒரே நேரத்தில் இருக்கும். கை காலைவிட மார்பிலும் முதுகிலும்தான் அதிகம். பழைய நர்ஸ் பார்த்த உடனே சொல்லிவிடுவார்.

இன்னொன்று. கொப்புளம் கிளம்புவதற்கு ஒன்றிரண்டு நாள் முன்பே அது தொற்றும். ஒட்டினவருக்கு 10 முதல் 21 நாளுக்குள் வெளியே தெரியும். போன வாரக் கடைசியில் யார் வீட்டுக்காவது போனீர்களா? உங்கள் பெரியம்மை இதைக் கேட்காமல் இருக்க மாட்டார்.

பாளையான் (வியாழன், அதிகாலை 1.52)

போனேன். ஞாயிற்றுக்கிழமை சித்தி வீட்டில் தலை ஆடி விருந்து. சித்தி மகளுக்கு ஆனியில்தான் கல்யாணம். புது மாப்பிள்ளை தோளில் கை போட்டுப் போட்டோ வேறு எடுத்தேன்.

இஞ்சிப்பச்சடி (வியாழன், காலை 6.10)

விருந்தில் சொதி உண்டா?

பாளையான் (வியாழன், காலை 6.12)

இப்போது அதுதானா முக்கியம்? உண்டு. தேங்காயின் முதல் பாலைக் கடைசியில் விட்டு, எலுமிச்சை பிழிந்து, முருங்கைக்காய் போட்டு நன்றாகத்தான் இருந்தது. நான் மஞ்சளும் வேப்பிலையும் அரைத்து உடம்பெல்லாம் பூசிக்கொண்டிருக்கிறேன். உள்ளே என்ன இருக்கிறது என்று தெரியாத அளவுக்கு. ஆட்டோ சத்தம் கேட்கிறது.

கருப்பட்டிக்காப்பி (வியாழன், காலை 6.15)

முத்தாரம்மா, பிள்ளையைக் காப்பாத்து.

ஈரடுக்குப்பாலம் (வியாழன், மதியம் 1.30)

ஏ பாளையான், இருக்கீரா, இல்லையா? எங்கள் ஆபீஸில் நாலு பேர் காத்திருக்கிறோம்.

பாளையான் (வியாழன், இரவு 9.40)

இருக்கிறேன். கட்டிலைப் பிடுங்கிவிட்டார்கள். பாயில் வேப்பிலை பரப்பி அதன்மேல் கிடக்கிறேன். போன் தலையணைக்கு அடியில்.

அம்மா வாசலிலேயே நின்று கண்ணை மூடிக் கும்பிட்டார். என்னை உற்றுப் பார்க்கவே இல்லை. அம்மன் வந்திருக்கிற உடம்பை உற்றுப் பார்க்கக் கூடாதாம். அதில் தப்பித்தேன். பெரியம்மை அப்படி இல்லை. "எல்லாரும் வெளிய போங்க" என்று சொல்லிக் கதவைச் சாத்தினார். கண்ணாடியை மாட்டிக்கொண்டு என்னைத் திருப்பிப் போட்டார். ஈரத் துணியால் முதுகில் ஒரு கையளவு மஞ்சளைத் துடைத்தார். குனிந்து முகர்ந்து பார்த்தார். பழைய குற்றாலத்தில் எண்ணெய் தேய்த்துக்கொண்டது அப்போதுதான் எனக்கு நினைவுக்கு வந்தது.

ஒரே கேள்விதான் கேட்டார். "எந்த அருவிலே?"

நான் வாயைத் திறப்பதற்குள் துடைத்த இடத்தில் மறுபடியும் மஞ்சளைப் பூசிவிட்டுக் கதவைத் திறந்தார். "மேலாப்புல போட்டிருக்கு. பயப்படாத. சீக்கிரம் எறங்கிரும்" என்று அம்மாவிடம் சொன்னார். ஏன் காட்டிக்கொடுக்கவில்லை என்று எனக்கு இன்னும் புரியவில்லை. சத்தியமாக, காட்டிக்கொடுத்திருந்தால் நிம்மதியாக இருந்திருக்கும்.

வீட்டில் தாளிப்பு கிடையாது, எண்ணெய்ச் சட்டி அடுப்பில் ஏறக் கூடாது. கஞ்சி, இளநீர், கஞ்சி. எதிர்வீட்டு ஆச்சிகூட மீன் குழம்பை வேறு தெருவில் இருக்கிற மகள் வீட்டில் போய் வைக்கிறாராம், வாசம் இங்கே வரக் கூடாதென்று.

உண்மைவிளம்பி (வியாழன், இரவு 9.55)

ஒரு கிழவி உங்களுக்காக மீன் குழம்பைத் தூக்கிக்கொண்டு தெருத் தெருவாக அலைகிறாள். இப்போதாவது சொல்லுங்கள்.

இஞ்சிப்பச்சடி (வியாழன், இரவு 10.01)

இந்த ஒரு இடத்தில் உண்மைவிளம்பி சொல்வது சரி. மீன் குழம்பு விஷயம் என்னாலும் தாங்க முடியவில்லை.

பாளையான்_வீட்டம்மா (வெள்ளி, இரவு 11.30)

வணக்கம். இவர் அந்தப் பக்கம் குறட்டை விடுகிறார். அம்மை வந்தவருக்கு இப்படி ஒரு தூக்கம்! தலையணைக்கு அடியில் போன் வெளிச்சம் தெரிந்தது, எடுத்துப் பார்த்தேன், எல்லாவற்றையும் படித்தேன். பதினேழு பேர் என்று இவர் எழுதியது தப்பு, பத்தொன்பது. இரண்டு பேர் ஜாடையாகக் கேட்டார்கள், அதை இவர் கணக்கில் சேர்ப்பதில்லை.

இவர் எழுதாமல் விட்டதைச் சொல்கிறேன். முதலில் சொன்ன வாந்தியும் சும்மா போகவில்லை. ஊரில் பாதிப் பேருக்கு வாந்திதான் போய்ச் சேர்ந்திருக்கிறது, மீதிப் பேருக்கு அம்மை. கொடைப் பந்தலில் இரண்டு கூட்டமும் சந்தித்தபோது இரண்டையும் சேர்த்துவிட்டார்கள். வீட்டுக்காரருக்கு அம்மை, மருமகள் வாயும் வயிறுமாய் இருக்கிறாள், ஒரே வீட்டில் இருந்தால் ஆபத்து, பிள்ளையை உடனே கூட்டிக்கொண்டு வாருங்கள் என்று என் அம்மாவுக்குப் போன் போயிருக்கிறது. எங்கள் வீடு கோவில்பட்டி. அப்பா கார் பிடித்துக்கொண்டு கயத்தாறு வரை வந்துவிட்டார். நான் போனில் அழுது, கெஞ்சி, அப்பா, உண்டாகவும் இல்லை ஒன்றும் இல்லை என்று சொல்லித் திருப்பி அனுப்பினேன். அவர் சரிம்மா என்று சொன்ன குரலில் ஒரு ஏமாற்றம் இருந்தது பாருங்கள், அதுதான் எனக்கு இந்த வாரத்திலேயே பெரிய தண்டனை.

பெரியம்மை ஏன் காட்டிக்கொடுக்கவில்லை என்று இவர் கேட்டிருக்கிறார். அடுக்களையில் நானே கேட்டேன். இளநீர் சீவிக்கொண்டே சொன்னார்: "நானும் பதினோரு வருசம் அந்தக் கேள்வியக் கேட்டவதான். கொடைக்குக் கொடை டூட்டி இருக்குன்னு பொய் சொல்லிட்டு ஆஸ்பத்திரியிலயே கெடப்பேன்." அதற்குமேல் பேசவில்லை. நானும் கேட்கவில்லை.

சாயங்காலம் ஊரிலிருந்து யாரோ விசாரிக்கப் போன் செய்தார்கள். பெரியம்மை போனை வாங்கி, டூட்டிக் குரலில் சொல்கிறார்: "அம்மை போட்ட வீடு. இன்னும் ஒரு வருசத்துக்கு அந்தப் பிள்ளகிட்ட விசேஷம் கிசேஷம்னு யாரும் வாயத் தெறக்கப்பிடாது. டாக்டர் சொல்லியிருக்காரு."

ராத்திரிடூட்டி (சனி, அதிகாலை 2.15)

மருத்துவத்தில் அப்படி எந்த விதியும் கிடையாது.

கருப்பட்டிக்காப்பி (சனி, காலை 5.50)

தாயி, அதை நீங்கள் சத்தமாகச் சொல்ல வேண்டாம்.

ராத்திரிடூட்டி (சனி, காலை 6.30)

சரி அண்ணாச்சி. ஆனால் இது உண்மை: அம்மைக்கு எதிர்ப்புச் சக்தி இல்லாத கர்ப்பிணிக்குச் சின்னம்மை ஒட்டினால் அது விளையாட்டில்லை, உடனே டாக்டரிடம் போக வேண்டும். ஊர்க்காரர்கள் பதறியதில் தப்பே கிடையாது. பெரியவர்களுக்கு நிஜமாகவே வந்தாலும் வேப்பிலையோடு நிறுத்திவிடாமல் முதல் நாளே டாக்டரைப் பார்க்க வேண்டும், காய்ச்சலுக்கு ஆஸ்பிரின் கொடுக்கக் கூடாது. பொய் அம்மையைப் பற்றிய இழையில் நிஜத்தையும் ஒரு ஓரமாகப் போட்டு வைக்கிறேன்.

ஈரடுக்குப்பாலம் (சனி, காலை 9.20)

எல்லாம் சரி, புது மாப்பிள்ளை என்ன ஆனார்? 21 நாள் கணக்கு அங்கே போயிருக்குமே.

பாளையான் (சனி, மதியம் 3.05)

போனது. முதலில், என் மனைவி இந்த இழையைப் படித்துவிட்டாள் என்று இப்போதுதான் தெரிந்தது. எல்லாரும் ஜாக்கிரதையாகப் பேசவும்.

மாப்பிள்ளை விருந்துக்கு வந்து இரண்டு நாளில் ஊர் திரும்புவதாக ஏற்பாடு. ஆடி மாதம், புதுப்பெண் தாய் வீட்டில் இருப்பாள், மாப்பிள்ளை தனியாக அவர் வீட்டில் இருக்க வேண்டும் என்பது உங்களுக்கே தெரியும். இப்போது அவருடைய அம்மா, "வீட்டுல கைப்பிள்ள இருக்கு, 21 நாள் கழியாம இங்க கால் வைக்காத" என்று சொல்லிவிட்டார். ஆக ஆடி மாதத்தில் மாப்பிள்ளை மாமியார் வீட்டிலேயே தங்கல். சித்தி தலையில் கை வைத்து உட்கார்ந்திருக்கிறார். போதாததற்கு, மாப்பிள்ளையின் விமான டிக்கெட்டைத் தள்ளிப்போட வேண்டியிருக்கும் என்றும் பேச்சு.

டிக்கெட் என்றதும் எனக்கு மனசு கேட்கவில்லை. பணம் போகிற விஷயம். கக்கூஸுக்குள் போய்க் கதவைத் தாழ் போட்டுக்கொண்டு மாப்பிள்ளைக்குப் போன் போட்டு எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். அம்மையும் இல்லை, ஒன்றும் இல்லை, தாராளமாக ஊருக்குப் போங்கள், மன்னித்துவிடுங்கள் என்றேன்.

கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. அப்புறம் குரலைத் தாழ்த்திக்கொண்டு, "மச்சான், வேற யாருகிட்டயும் சொல்லிட்டியளா?" என்றார். இல்லை என்றேன். "சொல்லிராதீய. டிக்கெட்டுக்கு நான் பாத்துக்கிடுதேன். உங்களுக்குக் கோடிப் புண்ணியம்" என்று சொல்லி வைத்துவிட்டார்.

இஞ்சிப்பச்சடி (சனி, மதியம் 3.11)

21 நாளும் சொதியாக இருக்கும். குடுத்து வைத்த மனுஷன்.

உண்மைவிளம்பி (சனி, மாலை 4.40)

நான் இந்த இழையிலிருந்து விலகிக்கொள்கிறேன்.

உண்மைவிளம்பி (சனி, இரவு 8.20)

அம்மாவிடம் சொன்னீர்களா, இல்லையா?

பாளையான்_வீட்டம்மா (ஞாயிறு, இரவு 10.15)

நான் சொல்லப் போனேன். நான்கு நாளாக அத்தையும் எங்களோடு வெறும் கஞ்சிதான் குடிக்கிறார். சர்க்கரை இருக்கிற உடம்பு. மதியம் அவர் கோணிப்போய் உட்கார்ந்திருந்ததைப் பார்த்ததும் என்னால் பொறுக்க முடியவில்லை. "அத்தே, ஒங்ககிட்ட ஒண்ணு சொல்லணும்" என்று ஆரம்பித்தேன்.

"மொதல்ல அந்தத் துண்டை எடுத்துக் காயப்போடு" என்றார். செவ்வாய் ராத்திரி ஈரத்தோடு பையிலேயே கிடந்த துண்டு. அருவித் தண்ணீர், எண்ணெய், பாசி எல்லாம் சேர்ந்து ஒரு வாடை. எடுத்துக்கொண்டு மாடிக்குப் போய்விட்டு வந்தேன். மறுபடியும் ஆரம்பித்தேன். "ஏளா, நாளைக்கு மூணாந்தண்ணி ஊத்தணும். வெயில்ல வைக்க அண்டாவ வெளக்கி வையி" என்று எழுந்து போய்விட்டார்.

பிரிட்ஜைத் திறந்தேன். குற்றாலத்தில் வாங்கின மங்குஸ்தான் இரண்டு கிலோ, பின்னால் ஒளித்து வைத்திருந்தோம். அரைப் பைதான் இருக்கிறது. இவர் எடுக்கவில்லை, நான் எடுக்கவில்லை. பெரியம்மைக்குப் புளிப்பு ஆகாது. அத்தை விரல் நுனியைப் பார்த்தேன். தோல் கறை, செக்கச் சிவந்து ஊதாவாக இருந்தது. அது லேசில் போகாது.

நான் ஒன்றும் சொல்லவில்லை. அண்டாவை விளக்கி வைத்தேன்.

கருப்பட்டிக்காப்பி (திங்கள், காலை 6.00)

அடேயப்பா. அப்போ அந்த வீட்டில் அம்மை இருக்கிறது என்று இப்போது நம்புவது யார்?

பாளையான் (திங்கள், மதியம் 12.30)

எதிர்வீட்டு ஆச்சி மட்டும்தான் என்று நினைக்கிறேன். மூன்றாவது தண்ணீர் ஊற்றியாகிவிட்டது. முதல் தாளிப்பு போட்டார்கள். கடுகு வெடிக்கிற சத்தத்துக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. ஆச்சிக்கு நல்ல சீலா மீனாக வாங்கிக் கொடுத்துவிட்டு வந்தேன்.

நாளை எட்டாம் கொடை. தீச்சட்டி எடுப்பதா வேண்டாமா என்று அம்மாவிடம் சுற்றி வளைத்துக் கேட்டேன். "நேந்தது நான். முத்து எறங்கினா நீ எடுப்பேன்னு சொன்னேன். இப்ப ஒன் ஒடம்புல முத்து இருக்கா?" என்றார். இல்லை என்றேன். "அப்ப எடு." இதற்கு நான் என்ன பதில் சொல்ல? காலையில் எல்லாருமாக ஊருக்குப் போகிறோம். அவளும் வருகிறாள்.

கீழத்தெரு (திங்கள், இரவு 9.05)

இங்கே கணக்கு வைத்து ரொம்ப நாளாகிறது, எழுதுவது முதல் தடவை. போன செவ்வாய் மதியக் கொடையில் பிள்ளைக்கு முத்து போட்டிருக்கிறது என்று மைக்கில் சொன்னவன் நான்தான். இந்த இழையைப் புதன்கிழமையிலிருந்து படித்துக்கொண்டுதான் இருக்கிறேன். ஊரில் யாரிடமும் சொல்லவில்லை, சொல்லவும் மாட்டேன். தீச்சட்டிக்கு வேண்டியது எல்லாம் தயார், வாங்க.

வரும்போது இந்த வருடத்துக் கொடை வரியைக் கையோடு கொண்டாங்க. உங்கள் வீட்டு வரி மட்டும்தான் பாக்கி. அம்மை வந்த வீட்டுக்குத் தள்ளுபடி ஒன்றும் கிடையாது. அந்த மங்குஸ்தான் மிச்சம் இருந்தால் அதையும்.